5254 என்றால் என்ன, மாஸ்டர்?

போன மாத இதழில் ஒரு பிள்ளைக்குப் பதில் எழுதும்போது, "சதுரங்கத்தில் கெட்டிக்காரரைப் போர்க்காலத்தில் அரசாங்கங்கள் தேடிப் பிடித்து உளவு வேலையில் சேர்த்தன" என்று ஒரு வரி எழுதியிருந்தேன். இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அந்த ஒரு வரியைப் பற்றித்தான். ஆகவே தொடக்க நகர்வுகள் பற்றிய கேள்விகள் அடுத்த மாதத்துக்குப் போகின்றன.

"மாஸ்டர், உளவு வேலைக்கு எடுத்தார்கள் என்கிறீர்கள். துப்பாக்கியும் பொய் மீசையுமாகவா திரிந்தார்கள்? உண்மையில் அவர்கள் செய்த வேலை என்ன?"
– உயர்தர மாணவர், காரைதீவு

தம்பி, துப்பாக்கியும் இல்லை, மீசையும் இல்லை. பென்சில், தாள், குளிரில் விறைக்கும் மரக் கொட்டில். அவ்வளவுதான்.

1939 ஓகஸ்டில் ஆர்ஜென்டீனாவின் புவனஸ் அயர்ஸ் நகரில் சதுரங்க ஒலிம்பியாட் தொடங்கியது. 27 அணிகள். பாதி ஆட்டங்கள் முடிந்திருந்த நேரம், செப்டெம்பர் 1ஆம் திகதி, ஜேர்மனி போலந்துக்குள் நுழைந்தது. இங்கிலாந்து அணி போட்டியிலிருந்து விலகியது. அந்த அணியில் ஹியூ அலெக்சாண்டர், ஸ்டுவர்ட் மில்னர்-பெரி, ஹரி கொலம்பெக் என்று மூன்று பேர் இருந்தார்கள். கொஞ்சக் காலத்துக்குள் மூவரும் லண்டனுக்கு வடமேற்கே உள்ள பிளெட்ச்லி பார்க் என்ற வளவுக்குள் போய்ச் சேர்ந்தார்கள். ஜேர்மனியரின் இரகசியச் செய்திகளை உடைக்கும் இடம் அது. கேம்பிரிட்ஜில் கணிதம் படிப்பித்த கோர்டன் வெல்ச்மன் தன் பழைய நண்பர் மில்னர்-பெரியை அழைத்தார். மில்னர்-பெரி அலெக்சாண்டரை அழைத்தார். ஆளைத் தெரிந்த ஆள் வழியாகத்தான் ஆள் எடுத்தார்கள். அலெக்சாண்டர் அதற்கு முன் ஆறு வருடம் பாடசாலைக் கணித ஆசிரியர். அதனால்தானோ என்னவோ, அந்தக் கூட்டத்தில் எனக்கு மிக நெருக்கமானவராக அவர்தான் தெரிகிறார்.

எனிக்மா என்பது ஜேர்மனியர் தங்கள் செய்திகளைக் குறியீடாக மாற்ற வைத்திருந்த, தட்டச்சுப் பொறி மாதிரி ஒரு கருவி. ஒரு எழுத்தை அமத்தினால் வேறு எழுத்துக்குரிய விளக்கு எரியும். அடுத்த முறை அதே எழுத்தை அமத்தினால் இன்னொரு விளக்கு. ஜேர்மன் தரைப்படை பயன்படுத்திய வகையை எத்தனை விதமாகப் பொருத்தி வைக்கலாம் தெரியுமா? 159 எழுதி அதற்குப் பின்னால் 18 சைபர் போடுங்கள், ஏறத்தாழ அவ்வளவு. நள்ளிரவில் பொருத்தம் மாறிவிடும். இதை முதலில் உடைத்தவர்கள் ஆங்கிலேயர் அல்ல, 1932இல் மரியான் ரெஜெவ்ஸ்கி முதலான போலந்துக் கணிதக்காரர்கள். அதைச் சொல்லாமல் இந்தக் கதையைச் சொல்வது நியாயமில்லை.

இனிச் சதுரங்கத்துக்கு வருவோம். எனிக்மாவில் ஒரு பலவீனம் இருந்தது. எந்த எழுத்தும் ஒருபோதும் தானாகவே திரும்பி வராது. மில்னர்-பெரியின் பகுதி செய்தது இதுதான்: ஒரு நிலையம் தினமும் காலையில் காலநிலை அறிக்கை அனுப்புகிறது என்று தெரிந்தால், அதில் காலநிலைக்கான ஜேர்மன் சொல் "வெட்டர்" கட்டாயம் வரும் என்று ஊகிப்பார்கள். அந்தச் சொல்லைத் தாளில் எழுதி, புரியாத செய்திக்குக் கீழே வைத்து ஒவ்வொரு எழுத்தாக நகர்த்துவார்கள். மேலும் கீழும் ஒரே எழுத்து நேருக்கு நேர் வந்தால் அந்த இடம் இல்லை, அழி. அடுத்தது. மோதாமல் பொருந்தி நிற்கும் இடங்கள் மட்டும் மிஞ்சும். அதை வைத்து, அங்கிருந்த கணிதக்காரர் அலன் டியூரிங்கும் வெல்ச்மனும் வடிவமைத்த பொம்ப் என்ற பெரிய இயந்திரத்துக்குத் தீனி போடுவார்கள்.

நம் வகுப்பில் நான் ஓயாமல் சொல்வது ஞாபகம் இருக்கிறதா? நல்ல நகர்வைத் தேடுமுன் முடியாத நகர்வுகளைக் கழி. அதே வேலைதான். அவர்களை எடுத்தது தந்திரசாலிகள் என்பதற்காக அல்ல என்றே நான் நம்புகிறேன். இருபது நிமிடம் யோசித்துக் கட்டிய கணக்கு பிழை என்று கண்டால், மனம் நோகாமல் அதை அழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்கும் பழக்கம் சதுரங்கக்காரருக்கு உண்டு. கெட்டிக்காரர் பலருக்கு அது கிடையாது. தன் ஊகத்தின் மேல் காதல் கொண்டவன் அந்தக் கொட்டிலில் ஒரு கிழமை தாக்குப்பிடித்திருக்க மாட்டான்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 1941இல் அங்கே ஆள் போதவில்லை. எழுதுவினைஞர்களும் தட்டச்சு செய்யும் பெண்களும் ஒரு சிலர் இல்லாத குறையில், உடைக்கக்கூடிய செய்திகள் உடைபடாமல் கிடந்தன. மேலதிகாரிகளிடம் கேட்டுக் கேட்டு அலுத்துப்போய், டியூரிங், வெல்ச்மன், அலெக்சாண்டர், மில்னர்-பெரி நால்வரும் ஒக்டோபர் 21ஆம் திகதி பிரதமர் சேர்ச்சிலுக்கு நேரடியாகக் கடிதம் எழுதினார்கள். அதைக் கொண்டுபோனவர் மில்னர்-பெரி. தன்னை யாரென்று காட்ட ஒரு அட்டைகூட இல்லாமல் பிரதமர் வீட்டு வாசலில் போய் நின்றார். பிரதமரைப் பார்க்க விடவில்லை. அங்கிருந்த உதவியாளரின் கையில் கடிதத்தைக் கொடுத்துவிட்டுத் திரும்பினார். சேர்ச்சில் அதை வாசித்துவிட்டு, அவர்கள் கேட்பதெல்லாம் கிடைக்க வேண்டும், இன்றே செய்யுங்கள் என்று குறிப்பு எழுதினார். நேர்வழி அடைபட்டபோது நான்கு பேர் சேர்ந்து ஆடிய அந்த ஒரு நகர்வை, உயிர்போகும் தாக்குதல் ஆட்டங்கள் பலவற்றை விட நான் மேலாக மதிக்கிறேன்.

போர் முடிந்த பிறகும் அலெக்சாண்டர் குறியீட்டு வேலையிலேயே இருந்தார். 1949 முதல் 1971 வரை பிரித்தானியாவின் குறியீடு உடைக்கும் பிரிவுக்கு அவரே தலைவர். அதற்கு அவர் கொடுத்த விலை என்ன தெரியுமா? சோவியத் நாட்டிலும் அதன் கூட்டு நாடுகளிலும் ஆட அவரால் போக முடியவில்லை. உலகின் பலமான ஆட்டக்காரர்கள் எல்லாரும் அங்கேதானே இருந்தார்கள்! 1946இல் சோவியத் அணியோடு வானொலி வழியாக நடந்த போட்டியில் அதன் முன்னணி ஆட்டக்காரர் பொட்வினிக்கை ஒரு ஆட்டத்தில் வென்றவர் அவர். 1953–54இல் இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸ் போட்டியில் இன்னொரு சோவியத் ஆட்டக்காரர் பிரொன்ஸ்டைனை 120 நகர்வுகளில் மடக்கியவர். இன்னும் எவ்வளவு தூரம் போயிருப்பார்! ஒருவரிடமும் காரணம் சொல்ல முடியாமல் வீட்டில் இருந்தார். 1974 பெப்ரவரியில் காலமானார். பிளெட்ச்லியின் கதை ஊரறிய வெளியே வந்தது அதே வருடத்தின் பிற்பகுதியில்.

"கல்லடிக் கடலில் கிடக்கும் ஹேர்மிஸ் கப்பலுக்கும் இந்த வேலைக்கும் ஏதும் தொடர்பு உண்டா? குண்டுச் சத்தம் கேட்டதாக என் அப்பப்பா சொல்லியிருக்கிறார்."
– மீன்பிடித் தொழில் செய்பவர், நாவலடி

நல்ல கேள்வி ஐயா. இருக்கிறது.

சிங்கப்பூரில் இருந்த பிரித்தானியக் குறியீட்டுக்காரர்கள், ஜப்பானியர் நெருங்கியதால் 1942 தொடக்கத்தில் கொழும்புக்கு வந்து ஒரு பாடசாலைக் கட்டடத்தில் வேலை செய்தார்கள். ஜப்பானியக் கடற்படைச் செய்திகளைத் துண்டுதுண்டாகத்தான் அவர்களால் வாசிக்க முடிந்தது. ஆனாலும் மார்ச் கடைசியில் ஒன்றைக் கண்டுபிடித்தார்கள்: இலங்கைமேல் தாக்குதல் வரப்போகிறது, ஏப்ரல் 1ஆம் திகதி அளவில். பிரித்தானியக் கடற்படைத் தளபதி சொமர்வில் கப்பல்களைத் திரட்டிக்கொண்டு இலங்கைக்குத் தெற்கே காத்திருந்தார். 1 போனது, 2 போனது, எதிரியைக் காணவில்லை. எண்ணெயும் தண்ணீரும் முடிந்துகொண்டு வந்தன. பெரும்பகுதிக் கப்பல்களுடன் மாலைதீவின் அட்டு தீவுக்குப் போனார். சில கப்பல்களைக் கொழும்புக்கும் திருகோணமலைக்கும் திருப்பி அனுப்பினார். ஏப்ரல் 5, ஈஸ்டர் ஞாயிறு, கொழும்பில் குண்டு விழுந்தது. 9ஆம் திகதி திருகோணமலையில். முதல்நாள் இரவே எச்சரிக்கை கிடைத்துத் துறைமுகத்தை விட்டுத் தெற்கே ஓடிய ஹேர்மிஸ், மட்டக்களப்புக் கடலில் அகப்பட்டது. விமானந்தாங்கிக் கப்பல்தான், ஆனால் அன்று அதில் ஒரு விமானமும் இல்லை. 300க்கு மேற்பட்டோர் மாண்டார்கள்.

எதிரியின் திட்டத்தைச் சரியாகக் கண்டுபிடித்து, நேரத்தை நான்கு நாள் முந்திக் கணக்கிட்டதன் விலை இது. பிள்ளைகளுக்குச் சரியான நகர்வைப் பிழையான நேரத்தில் ஆடுவது பற்றிச் சொல்லும்போதெல்லாம் எனக்கு அந்தக் கப்பல் நினைவுக்கு வரும். ஐம்பது மீற்றருக்கும் கூடிய ஆழத்தில், உங்கள் வலை சிக்கும் இடத்தில் அது இன்னும் கிடக்கிறது.

"என் மகனுக்கு 11 வயது. எந்நேரமும் சதுரங்கம். இது பிள்ளைக்குக் கள்ளப் புத்தியைத் தரும் என்று மாமியார் சொல்கிறார். நீங்கள் எழுதியதையும் எடுத்துக் காட்டுகிறார். என்ன செய்வது மாஸ்டர்?"
– ஒரு தாய், களுவாஞ்சிக்குடி

தங்கச்சி, மாமியாரைப் பலகைக்கு முன்னால் இருத்திக் காட்டுங்கள். 64 கட்டம், 32 காய், எல்லாம் வெளிச்சத்தில். மகன் பார்ப்பதைத்தான் எதிரில் இருப்பவரும் பார்க்கிறார். ஒளிக்க ஒன்றுமே இல்லாத ஆட்டம் இது. உங்கள் வீட்டு ஆண்கள் முன்விறாந்தையில் இருந்து 304 அடிப்பார்களே, அதில் கையில் இருக்கிற சீட்டும் ஒளிப்பு, துரும்பும் ஒளிப்பு. கூட்டாளிக்குக் கண்ணைக் காட்டினால் சண்டை வருகிறது. உளவுக்குக் கிட்டிய உறவு அந்த ஆட்டம்தான். அதைப் பேரன் ஆடினால் மாமியார் ஒன்றும் சொல்ல மாட்டார் என்று நினைக்கிறேன்.

நான் கவலைப்படுவது வேறு. தோற்றால் அழுகிறானா, பலகையைத் தட்டிவிடுகிறானா என்று பாருங்கள். அப்படியானால் ஒரு கிழமைக்குத் தன்னைவிடப் பலமானவர்களோடு மட்டும் ஆட விடுங்கள். ஒவ்வொரு தோல்விக்குப் பிறகும், "எந்த நகர்வில் பிழைத்தது?" என்று அவனிடம் கேளுங்கள். உங்களுக்கு ஆட்டம் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, கேட்டால் போதும்.

"1972இல் ரஷ்யர்கள் நாற்காலிக்குள் உளவுக் கருவி தேடினார்களாமே?"
– சம்மாந்துறை வாசகர்

ஆம். ஐஸ்லாந்தின் ரெய்க்யாவிக்கில் பிஷருக்கும் ஸ்பாஸ்கிக்கும் நடந்த உலகப் பட்டப் போட்டி. மின்கருவியாலோ இரசாயனத்தாலோ ஸ்பாஸ்கியின் மனதைக் குழப்புகிறார்கள் என்று சோவியத் தரப்பு முறையிட்டது. நாற்காலிகளைச் சோதித்தார்கள், விளக்குகளைக் கழற்றினார்கள். அகப்பட்டவை இரண்டு செத்த ஈக்கள்.

"மாஸ்டர், நீங்களும் யுத்த காலம் முழுக்க இங்கேதான் இருந்தீர்கள். உங்களிடம் யாரும் அப்படி ஒரு வேலை கேட்கவில்லையா?"
– வாழைச்சேனை வாசகி

கேட்டார்கள். இதுவரை இந்தப் பக்கத்தில் எழுதியதில்லை. நீங்கள் நேராகக் கேட்டதால் எழுதுகிறேன்.

தொண்ணூறுகளில் நான் கண்டியில் இருந்த ஓய்வுபெற்ற புகையிரத ஊழியர் ஒருவரோடு தபாலில் சதுரங்கம் ஆடிக்கொண்டிருந்தேன். அவர் சிங்களவர். ஒருவரை ஒருவர் கண்டதில்லை. எனக்குச் சிங்களம் வாசிக்கத் தெரியாது, அவருக்குத் தமிழ் தெரியாது, இருவருக்கும் ஆங்கிலம் அரைகுறை. ஆகவே தபால் சதுரங்கத்துக்கென்று உலகம் முழுக்க வழங்கிய எண்முறையில் எழுதினோம். இடமிருந்து வலமாக நிரல்களுக்கு 1 முதல் 8, கீழிருந்து மேலாக வரிசைகளுக்கு 1 முதல் 8. புறப்படும் கட்டம், போய்ச் சேரும் கட்டம், மொத்தம் நான்கு இலக்கம். அரசனின் காலாள் இரண்டு கட்டம் முன்னே போனால் 5254. குதிரை வெளியே வந்தால் 7163. மொழியே வேண்டாம்.

இப்போது யோசித்துப் பாருங்கள். கல்லடிப் பாலத்தால் சைக்கிளில் வரும் ஒரு தமிழ் ஆசிரியர், சட்டைப் பையில் ஒரு தபாலட்டை, அதில் "5254 5755 7163 2836 6125 1716" என்று வரிசையாக எண்கள். இரண்டாம் உலகப் போரில் அமெரிக்கத் தணிக்கைக்காரர்கள் வெளிநாட்டுத் தபால் சதுரங்கத்தை அடியோடு தடுத்தது இதனால்தான். அப்போது எனக்கு அது தெரியாது.

ஒரு சோதனைச்சாவடியில் இறக்கினார்கள். நான்கு மணித்தியாலம். இது சதுரங்கம் என்று சொல்லச் சொல்ல அவர்களுக்குச் சந்தேகம் கூடியது. கடைசியில் ஒரு அதிகாரி வந்து, "அப்படியென்றால் ஆடிக் காட்டு" என்றார். கொப்பித் தாளில் 64 கட்டம் கீறினேன். சோடா மூடிகளும் கச்சான் கோதுகளும் காய்கள். எது குதிரை, எது மந்திரி என்று மூடிகளில் பேனாவால் எழுதினேன். அவர் எண்ணை ஒவ்வொன்றாக வாசிக்க, நான் காயை வைத்தேன். ஒவ்வொரு எண்ணும் ஒழுங்கான நகர்வாகப் போய் உட்கார்ந்தது. பதினோராவது நகர்வில் அவர் குனிந்து பார்த்து, "மந்திரியை ஏன் வெட்டவில்லை?" என்று கேட்டார். அப்போதுதான் எனக்கு மூச்சு வந்தது. அட்டையைத் தந்து போகச் சொன்னார். அவருக்கு ஆட்டம் தெரிந்திருந்தது, நான் வீடு வந்து சேர்ந்தேன். அந்த வருடங்களில் விளங்கப்படுத்த ஒரு பலகைகூடக் கிடைக்காமல் போனவர்களின் வீடுகள் இரண்டு எங்கள் ஒழுங்கையிலேயே உண்டு.

இரண்டு மாதம் கழித்து ஒருவர் வீட்டுக்கு வந்தார். எந்தப் பக்கம் என்று எழுத மாட்டேன். மரியாதையாகப் பேசினார், தேத்தண்ணி குடித்தார். "மாஸ்டருக்கு நாற்பது நகர்வு மனதில் நிற்குமாமே. பாலத்தால் போற வாற வாகனங்களை எண்ணி மனதில் வைத்தால் போதும். எழுதத் தேவையில்லை" என்றார். என் வீட்டுப் படலையில் நின்றால் பாலம் தெரியும்.

முடியாது என்றேன். காரணம் கேட்டார். அந்தப் பாலத்தால் போகிற லொறிகளில் ஒன்றை என் மாணவன் ஒருவனின் தகப்பன் ஓட்டுகிறார், இன்னொன்றில் நெல் வருகிறது, பஸ்ஸில் பிள்ளைகள் வருகிறார்கள், நான் எண்ணிக் கொடுத்தால் அவையெல்லாம் காயாகிவிடும், என்னால் ஏலாது என்று சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு எழும்பிப் போய்விட்டார். ஒரு வருடம் வரைக்கும் இரவில் நாய் குரைத்தால் நானும் மனைவியும் எழும்பி இருப்போம்.

அலெக்சாண்டரையும் மில்னர்-பெரியையும் நான் மதிக்கிறேன். ஆனால் அவர்கள் விரும்பிப் போனவர்கள். அவர்களுக்குச் சம்பளம் இருந்தது, ஒரே ஒரு எதிரி இருந்தான், மாலையில் திரும்பிப் போக ஓர் அறை இருந்தது. இங்கே கேட்கப்பட்டவர்களுக்கு இரண்டு பக்கமும் வாசலில் நின்றது. ஆம் என்றவரையும் இல்லை என்றவரையும் நான் தீர்ப்புச் சொல்ல மாட்டேன்.

கண்டி நண்பருக்குச் சமநிலை கேட்டு ஒரு அட்டை போட்டேன். காரணம் எழுதவில்லை. உண்மையில் என் நிலைதான் நல்லது, இன்னும் பத்துப் பன்னிரண்டு நகர்வில் வென்றிருப்பேன். அவருக்கும் அது தெரியும். மூன்று கிழமையில் பதில் வந்தது. ஏற்றுக்கொள்கிறேன் என்று ஆங்கிலத்தில் எழுதி, கீழே, உங்கள் குதிரை மிக நல்ல இடத்தில் நின்றது, கவனமாக இருங்கள் என்று ஒரு வரி. அட்டை இன்னும் என்னிடம் இருக்கிறது.

"எனக்குக் கணிதம் பிடிக்கும், சதுரங்கமும் ஆடுவேன். குறியீடு உடைக்கும் வேலையில் பெண்கள் இருந்தார்களா? நானும் அப்படி வரலாமா, மாஸ்டர்?"
– 10ஆம் தர மாணவி, திருக்கோவில்

மகள், 1945 தொடக்கத்தில் பிளெட்ச்லியிலும் அதன் கிளைகளிலுமாக ஏறத்தாழ 9,000 பேர் வேலை செய்தார்கள். நான்கில் மூன்று பங்கு பெண்கள். அவர்களில் ஜோன் கிளார்க்கின் பெயரை எழுதி வைத்துக்கொள். கேம்பிரிட்ஜில் கணிதத்தில் முதல் வகுப்பு எடுத்தவர். ஆனால் அந்தப் பல்கலைக்கழகம் 1948 வரை பெண்களுக்கு முழுப் பட்டம் கொடுக்கவில்லை. 1940இல் பிளெட்ச்லிக்கு வந்தார். பெண்களுக்கு அந்த வேலைக்கு உயர்ந்த பதவித் தரம் இல்லாததால், சம்பளத்தைக் கூட்டுவதற்காக அவரை மொழி வல்லுநர் என்று பதிந்தார்கள். அவருக்கு வேற்று மொழி எதுவும் தெரியாது. 1944இல் ஜேர்மன் கடற்படைக் குறியீட்டை உடைத்த எட்டாம் கொட்டிலின் துணைத் தலைவரானார்.

இன்றைக்கு இந்தக் கல்வியில் ஒளிவுமறைவு குறைவு. உன் அம்மாவின் கைத்தொலைபேசியில் வங்கிக் கணக்கைக் காப்பதும் இதே கணிதம்தான். சாதாரண தரத்தில் கணிதத்தை இறுக்கிப் பிடி. உயர்தரத்தில் இணைந்த கணிதம் எடு. வந்தாறுமூலையிலும் ஒலுவிலிலும் பல்கலைக்கழகம் இருக்கிறது, கணினியும் கணிதமும் அங்கேயே படிக்கலாம்.

சதுரங்கமும் ஜோன் அங்கேதான் ஒழுங்காகக் கற்றார். தொடக்கக்காரருக்கு அலெக்சாண்டர் வகுப்பு நடத்தினார். போர்க்காலத்தில் காய்கள் கிடைக்கவில்லை. டியூரிங் களிமண்ணில் காய்கள் பிடித்து, தன் அறை நெருப்பில் சுட்டெடுத்தார். இரவு வேலை முடித்து நித்திரைக் கண்ணோடு இருவரும் அந்த மண் காய்களை வைத்து ஆடினார்கள். உங்கள் பாடசாலையில் பலகை ஒன்றுதான் இருக்கிறது என்று கடிதத்தின் கடைசியில் எழுதியிருந்தாய். சோடா மூடி 32 சேர்த்து, பெயர்களைப் பேனாவால் எழுது. எனக்கு அது ஒருமுறை போதுமாக இருந்தது.